கதவுக்குப் பெயின்ற் அடிக்க வேண்டாம்

அன்பின் அக்காவுக்கு,

கறித்தூள் பைக்கும் குரக்கன் மாவுக்கும் நடுவில் நீ மடித்து வைத்த கடிதம் கிடைத்து மூன்று கிழமை ஆகிறது. தாள் முழுக்கத் தூள் வாசம், வாசிக்கும்போதே தும்மினேன். பதில் எழுதாமல் வைபரில் "எல்லாம் சுகம்" என்று ஒரு வரி போட்டுத் தப்பித்துக்கொண்டிருந்தேன். அம்மா கோபமாக இருக்கிறா என்று சின்னவள் வொய்ஸ் அனுப்பியிருந்தாள். கோபம் நியாயம்தான். இன்றைக்கு வேலை இல்லை, வெளியே மழை, அதுதான் இருந்து எழுதுகிறேன்.

மழை என்றால் எங்கள் மாரி மாதிரி இடித்து முழங்கிக் கொட்டிவிட்டு ஓய்கிற மழை இல்லை. பேர்கன் நோர்வேயில் ஏழு மலைக்கு நடுவில் இருக்கிற ஊர், கடலில் இருந்து வருகிற முகில் எல்லாம் மலையில் முட்டி இங்கேயே இறங்கிவிடும். வருஷத்தில் இருநூறு நாளுக்கு மேல் இப்படித்தான், சத்தமே இல்லாமல் நசநச என்று. இந்த மாதம் காலை ஒன்பதரை தாண்டித்தான் விடியும், பின்னேரம் மூன்றரைக்கு இருட்டு. ஆனால் அறை சூடு, குளிர் தெரியாது. பழைய ஜாக்கெட்டே காணும், புதிது வாங்கு என்று இனி எழுதாதே. வேலையில் மணித்தியாலத்தைக் கொஞ்சம் குறைத்திருக்கிறார்கள், அதனால் ஓய்வும் நிறைய. நல்லதுதான்.

சாப்பாடு பற்றிக் கேட்டிருந்தாய். இங்கே மண்ணிறத்தில் ஒரு சீஸ் இருக்கிறது. முதல் தடவை மேல்மாடிக் கிழவர் தந்தபோது சவர்க்காரக் கட்டி என்று நினைத்துக் குளியலறையில் கொண்டுபோய் வைத்துவிட்டேன், சிரிக்காதே. பாலைத் திரைத்து எடுத்தபின் மிஞ்சுகிற தண்ணீரை மணிக்கணக்காகக் காய்ச்சுவார்களாம். பாலில் இருக்கிற சீனி கருகி நிறம் மாறி இறுகி வருகிறது. பதநீர் காய்ச்சிப் பனங்கட்டி எடுக்கிற அதே வேலை. வாயில் போட்டால் பனங்கட்டியில் உப்பைத் தொட்டுத் தின்ற மாதிரி. நீ அனுப்பிய குரக்கன் மாவில் பிட்டு அவித்து, தேங்காய்ப்பூ இல்லாததால் இதைச் சீவிப் போட்டுச் சாப்பிட்டேன். அம்மாவுக்குச் சொல்லாதே, ஆனால் நன்றாகத்தான் இருந்தது.

அந்தக் கிழவர் ஒரு விசித்திரமான மனுஷன். வந்து ஒன்றரை வருஷத்தில் என்னோடு கதைத்த சொற்களை இரண்டு கையிலும் எண்ணிவிடலாம். படியில் கண்டால் தலையை ஒரு ஆட்டு, அவ்வளவுதான். போன மே மாதம் திடீரென்று கதவைத் தட்டி, வா என்று கையால் காட்டினார். பஸ்ஸில் ஒரு மணித்தியாலம் போய், கடற்கரையில் அவருடைய தகப்பன் கட்டிய தோணிக் கொட்டிலுக்குக் கூட்டிப்போனார். அங்கே ஒரு வாளி நிறையத் தார். எங்கள் றோட்டுத் தார் இல்லை, பைன் மரத்து வேரையும் அடிக்கட்டையையும் மூடிப் புகைய விட்டு வடிக்கிற மரத்தார். ஆளிவிதை எண்ணெயோடு கலந்து சூடாக்கி மரத்தில் பூசினால் உள்ளே இறங்கிக் கடும் மண்ணிறமாகிவிடும், மழையில் உக்காது. நாள் முழுக்க இரண்டு பேரும் ஒரு சொல் பேசாமல் பூசினோம். எனக்கு அது ஒரு ஆறுதலாக இருந்தது. பின்னேரம் கையை மணந்து பார்த்தேன். அப்பா லாண்ட்மாஸ்டர் உழவு மெஷினைக் கழற்றிப் பூட்டிவிட்டுக் கிணற்றடிக்கு வருவாரே, அந்தக் கை வாசம் மாதிரி ஒன்று. சரி, அதை விடு.

இப்போது உன் கடிதத்துக்கு வருகிறேன். பொங்கலுக்கு முன் வீட்டுக்குப் பெயின்ற் அடிக்கப் போவதாகவும், முன் கதவுக்கு எனாமலில் நீலமும் ஓரத்துக்குத் தங்கக் கலரும் என்று அத்தான் அட்டையில் தெரிவு செய்துவிட்டதாகவும், அப்பா ஒன்றும் சொல்லவில்லை என்றும் எழுதியிருக்கிறாய். அக்கா, அப்பா ஒன்றும் சொல்லவில்லை என்றால் என்ன அர்த்தம் என்று உனக்குத் தெரியாதா? மாரியில் காலபோக நெல் விதைப்புக்கு முன் வயலில் இறங்கி ஒரு பிடி மண்ணை எடுத்து உருட்டிப் பார்ப்பார். காய்ந்தால் சிவப்பாக இருக்கிற எங்கள் வட்டக்கச்சி மண், மழை நனைத்தால் கடும் மண்ணிறத்துக்கு வந்துவிடும். பார்த்துவிட்டு ஒன்றும் சொல்லாமல் கையைத் தட்டிக்கொண்டு வரம்பில் ஏறினால், இன்னும் பொறுக்க வேண்டும் என்று அர்த்தம். பக்கத்து வயல்காரர் எல்லாம் அவசரப்பட்டு எறிந்துவிட்டு இரண்டாம் தரம் விதைநெல் தேடி ஓடின வருஷம் எனக்கு நினைவிருக்கிறது. அப்போதும் அவர் ஒன்றும் சொல்லவில்லை.

அந்தக் கதவு பெரியப்பா வெட்டுவித்த முதிரை மரத்தில் செய்தது. 2008 கடைசியில் சண்டையால் ஊரை விட்டு வெளிக்கிட்டபோது எல்லோரும் ஓட்டையும் தகரத்தையும் கழற்ற, அப்பா முதலில் கழற்றினது கதவை. விசுவமடுவில் பங்கருக்கு மேலே அதைத்தான் போட்டு மண்மூட்டை அடுக்கினோம். நீ சின்னவளை மடியில் வைத்துக்கொண்டு அதற்குக் கீழே இருந்தாய், நான் உனக்குச் சொல்லத் தேவையில்லை. செட்டிகுளம் முகாமில் இருந்து 2010இல் ஊருக்கு விட்ட பிறகு, அத்திவாரம் மட்டும் மிஞ்சின வளவில் தறப்பாள் கட்டி இருந்துகொண்டு, அப்பா விசுவமடுவுக்குச் சைக்கிளில் மூன்று தரம் போய் அதைத் தேடிக் கண்டுபிடித்துக் கிண்டி எடுத்து வந்தார். வீட்டுத்திட்டத்துக் காசு ஐந்தரை லட்சத்தில் வீடு கட்டும்போது மேசனோடு அவர் வாய் திறந்து சண்டை பிடித்தது ஒரே ஒரு விஷயத்துக்கு: "கதவு இதுதான், நிலையை இதுக்கு அளவா வை." கீழ்ப்பக்கத்தில் அந்தப் பிளவு இன்னும் இருக்கும். வருஷா வருஷம் கழிவு ஒயிலைத் துணியில் தொட்டுத் தேய்த்துத் தேய்த்துத்தான் அந்த நிறம் வந்தது.

கிழவர் இன்னொரு நாள் ஃபான்டொஃப்ட் என்ற இடத்தில் ஒரு மரத் தேவாலயம் காட்டினார். 1150 அளவில் வேறொரு ஊரில் கட்டியதாம். இடிக்கப் பார்த்தார்கள் என்று 1883இல் கழற்றி இங்கே கொண்டுவந்து பூட்டியிருக்கிறார்கள். அதுவும் எங்களை மாதிரி இடம்பெயர்ந்ததுதான். 1992இல் யாரோ கொளுத்திச் சாம்பலாக்கிவிட்டார்கள். திரும்பக் கட்டி முடிக்க 1997 ஆகிவிட்டது. எந்தக் கலரும் அடித்திருக்கலாம், காசுள்ள நாடு. ஆனால் பழையபடி அந்தக் கருத்த மண்ணிறம்தான். பெரிய மரங்களுக்கு நடுவில் அது நிற்கிறதைப் பார்க்க எனக்கு என்னவோ செய்தது. கிழவர் என்னைப் பார்த்துவிட்டுத் தள்ளிப் போய் நின்றார். ஒட்டுசுட்டான் கோயிலுக்குப் போகிற வழியில் காட்டுக்குள் பாலை மரத்தடியில் நிறுத்தி அப்பா எங்களுக்குப் பழம் பொறுக்கித் தருவாரே, அந்த இடத்தில் ஒரு பத்து நிமிஷம் நிற்க இப்போது என்ன வேண்டுமென்றாலும் தருவேன் போல இருக்கிறது.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். சுவருக்கு நீலமோ மஞ்சளோ அத்தானின் விருப்பம், நான் குறுக்கே நிற்கவில்லை. கதவை விடச் சொல்லு. நான் சொன்னேன் என்று சொல்லாதே, அவருக்குக் கோபம் வரும். பெயின்ற் மிச்சம் என்று சொல்லு, காசென்றால் கேட்பார். காசு இந்த முறை பதினைந்தாம் திகதிக்குப் பிறகுதான் வரும், பாங்கில் ஏதோ சுணக்கம், கொஞ்சம் குறைவாகவும் இருக்கும். சீட்டுக் காசை இந்த மாதம் மட்டும் மாமியிடம் மாறிக் கட்டு, தையில் நான் சேர்த்து அனுப்புகிறேன். கீழ் வயலைக் குத்தகைக்குக் கேட்கிறவருக்கு இன்னும் வாக்குக் கொடுக்க வேண்டாம். காணிப் பெர்மிட் அம்மாவின் பெயரிலா அப்பாவின் பெயரிலா என்று முதலில் எடுத்துப் பார். சின்னவளைச் சோதனை முடியும்வரை போனை வைக்கச் சொல்லு.

கதவின் அடிப்பக்கத்தையும் நிலைக்காலையும் தட்டிப் பார், இந்த மழைக்குக் கறையான் ஏறியிருக்கும். கராச்சில் ஒரு போத்தல் கழிவு ஒயில் வாங்கினால் போதும். தூரிகை வேண்டாம், பழைய சாரத் துணி. அப்பாவுக்குக் கை நடுங்குகிறது என்று நீ பிடுங்கிச் செய்யாதே, மேல் பாதியை மட்டும் நீ செய், குந்தி இருந்து கீழ்ப் பாதியை அவரே தேய்க்கட்டும்.

அன்புடன்,
தம்பி

பி.கு: குரக்கன் மா முடிகிறது. அனுப்பினால் இரண்டு கிலோவாக அனுப்பு, கிழவருக்கும் கொஞ்சம் பிட்டு கொடுத்துப் பார்க்க வேண்டும்.