முராகியின் பெயரையும் போடுங்கள்

பழைய ஜப்பானியப் படங்களைச் சந்தா வாங்கிக்கொண்டு காட்டும் ஓடிடி நிறுவனத்தாருக்கு,

வணக்கம். படங்களின் பக்கத்தில் கலை இயக்குநரின் பெயரை நீங்கள் போடாததைப் பற்றித்தான் எழுதுகிறேன் என்பது உங்களுக்கே தெரியும். மின்னஞ்சல் அனுப்பும்போதெல்லாம் 'உங்கள் கருத்து எங்களுக்கு முக்கியம்' என்ற பதில் மட்டும் தவறாமல் வருகிறது. அதனால்தான் இந்தத் திறந்த மடல்.

போன வாரம் இயக்குநர் அகிரா குரோசாவாவின் 'த்ரோன் ஆஃப் பிளட்' (1957) படத்தைச் சேர்த்திருந்தீர்கள். நன்றி. அந்தக் காலத்து ஜப்பானியப் படங்களில் உழைத்தவர்களின் பெயர்கள் பெரும்பாலும் தொடக்கத்திலேயே வந்துவிடும். அவை வரும் நேரம் பார்த்து, 'அறிமுகத்தைத் தவிர்க்க' என்று ஓரத்தில் ஒரு பட்டன் எட்டிப் பார்க்கிறது. தவிர்க்காமல் உட்கார்ந்திருந்தாலும் பயனில்லை. இயக்குநருக்கு மட்டும் சப்டைட்டில். மற்றவர்கள் ஜப்பானிய எழுத்தில் வந்து அப்படியே போய்விடுகிறார்கள். சரி, படத்தின் பக்கத்திலாவது இருக்குமா என்று பார்த்தால், இயக்குநர், நடிகர்கள், அப்புறம் 'மனநிலை: இருண்டது'. கலை இயக்குநர் யோஷிரோ முராகி எங்குமே இல்லை.

அந்தப் படத்தில் பாதி நடிப்பு கோட்டையுடையது, ஐயா. அதன் வெளிப்புறத்தை ஃபுஜி மலைச் சரிவில் கட்டினார்கள். முற்றத்தை டோஹோ ஸ்டுடியோவில் செட் போட்டார்கள். இரண்டு இடத்திலும் தரை ஒன்றாகத் தெரிய வேண்டுமே! ஃபுஜியின் கறுப்பு எரிமலை மண்ணையே ஸ்டுடியோவுக்கு அள்ளி வந்து கொட்டினார்கள். மூடுபனிக்குள் மை ஓவியம்போல் தெரிய வேண்டும் என்றுதான் மதிலும் கறுப்பு. காலடி மண் வரை பார்த்துச் செய்த வேலைக்கு உங்கள் பக்கத்தில் ஒரு வரி கிடையாது.

1948இல் குரோசாவா படத்தில் உதவியாளராக வேலை செய்த முராகி, குரோசாவாவின் கடைசிப் படமான 'மாததாயோ' (1993) வரை கூட இருந்தார். 'யோஜிம்போ'வின் உடைகளுக்கும், 'டோரா! டோரா! டோரா!', 'ககேமுஷா', 'ரான்' படங்களின் கலை இயக்கத்துக்கும் ஆஸ்கர் பரிந்துரை பெற்றார். விருது ஒருமுறையும் கிடைக்கவில்லை. 2009இல் காலமாகிவிட்டார். உங்களிடம் அவர் சார்பில் சண்டைபோட, சந்தா கட்டும் என்னைப் போன்றவர்கள்தான் மிச்சம்.

சந்தாவை ஏற்றும்போது மட்டும் என் பெயரை எழுத்துப்பிழை இல்லாமல் போட்டுக் கடிதம் அனுப்புகிறீர்கள். சாமுராய் படம் பார்த்தவனுக்கு அடுத்ததாகச் சமையல் போட்டியைப் பரிந்துரைக்கும் உங்கள் கணினிக்கு, ஒரு பெயரைச் சேர்ப்பது அவ்வளவு கடினமா? சரி, கணினியின் ரசனையைப் பற்றி இன்னொரு நாள் பேசலாம்.

நான் கேட்பது முராகியின் பெயரைத்தான். அடுத்து 'ரான்' வருவதாக விளம்பரம் செய்கிறீர்கள். ஃபுஜி சரிவில் ஒரு கோட்டையை எழுப்பி, படத்துக்காகவே அதை எரித்தார்களே, அதே படம். அதன் கலை இயக்கத்தில் முராகியோடு அவர் மனைவி ஷினோபுவும் இருந்தார். ஆஸ்கர் பரிந்துரையும் இருவருக்கும் சேர்த்துத்தான். படம் வருவதற்குள் இருவர் பெயரையும் பக்கத்தில் சேர்த்து, தொடக்கப் பெயர்களுக்கும் சப்டைட்டில் போடும்படி பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
சந்தா தவறாத ஒரு பார்வையாளர்