குத்துப் பாட்டு ஒரே சொடுக்கில் மாறாது

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். நகைச்சுவைப் படங்களில் வரும் பப் காட்சிகளைப் பற்றிச் சென்ற இதழில் வெளியான கட்டுரையைப் படித்தோம். அந்தக் காட்சிகளில் சிரிப்பு வராததற்கு வசனம் எழுதுகிறவர்களையே முழுக்கக் குறை சொல்லியிருந்தார் கட்டுரையாளர். தமிழக-கேரள எல்லையிலுள்ள களியக்காவிளைக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் கல்யாணம், கோயில் கொடை, சர்ச் திருவிழா என்று சவுண்ட் கட்டி டிஜே ஓட்டுகிற எங்களுக்கு அதில் பாதிதான் உடன்பாடு. மீதிப் பாதிப் பழி அந்தக் காட்சிகளின் சத்தத்துக்குப் போக வேண்டும். டிஜே வேலை எப்படி நடக்கிறது என்று தெரிந்து எடுத்தால் சிரிப்பு அங்கேயே கிடக்கிறது, தனியாக ஜோக் எழுதக்கூட வேண்டாம்.

எல்லாரும் பார்த்துச் சலித்த காட்சியையே எடுத்துக்கொள்வோம். ஊரிலிருந்து வந்த நாயகனும் கூட்டாளியும் பப்புக்குள் நுழைகிறார்கள். 'டொப் டொப்' என்று ஹவுஸ் என்கிற நடன இசை ஓடுகிறது. கூட்டாளி டிஜேயிடம் போய், "அண்ணே, நம்ம பாட்டு ஒண்ணு போடுங்க" என்கிறார். அடுத்த நொடியே தவிலும் பறையும் வெடிக்க, மொத்த பப்பும் ஆடுகிறது. அவ்வளவு சுலபமா? ஹவுஸ் இசை நிமிடத்துக்கு 120 முதல் 130 தாள அடி, ஒவ்வோர் அடியும் நான்காகப் பிரியும். நம் குத்து பெரும்பாலும் திஸ்ரம். அடி மூன்றாகப் பிரியும். இரண்டின் வேகத்தையும் சமமாக்கி ஒன்றின் மேல் ஒன்றை ஏற்றினால் கிக் என்கிற அந்த 'டொப்' அடி மட்டும் பொருந்தும். நடுவில் அங்கே நான்கு, இங்கே மூன்று என்று மோதி, தகர டப்பாவை மாடிப்படியில் உருட்டிவிட்ட மாதிரி இருக்கும். வேகத்தைத் தானாகச் சமமாக்கும் சிங்க் பட்டனும் கைகொடுக்காது. திஸ்ரப் பாட்டின் வேகத்தை மென்பொருள் அடிக்கடி ஒன்றரை மடங்கு, முக்கால் மடங்கு என்று தப்பாகப் படித்துவைக்கும். 80-களின் பாட்டு என்றால் இன்னும் மோசம். வாத்தியக்காரர்கள் கூடி உட்கார்ந்து வாசித்த பாட்டில் வேகம் கொஞ்சம் ஏறி இறங்கத்தான் செய்யும். பிளேயரின் மேலிருக்கும் ஜாக் வீல் என்கிற சக்கரத்தில் விரலை வைத்து இழுத்துப் பிடித்துக்கொண்டே இருக்க வேண்டும்.

சரியான வழி வெட்டி மாற்றுவதுதான். ஓடுகிற பாட்டின் 32 அடிச் சுற்று முடிகிற இடத்தைக் காதில் பிடித்துக்கொள்ள வேண்டும். கடைசி 4 அடியில் பாஸ் குமிழை முழுக்கக் குறைத்து, எக்கோவைத் திறந்து, ஒலியளவைக் கூட்டிக் குறைக்கும் ஃபேடரை இறக்கினால் பழைய பாட்டின் வால் கரையும். அந்த நேரம் குத்தை அதன் முதல் அடியில் விட வேண்டும். இதில் வழக்கமாக நடக்கும் தவறு, பாட்டு எங்கிருந்து ஓட வேண்டும் என்று குறிக்கும் கியூ புள்ளியைத் தாளம் தொடங்குகிற இடத்தில் வைக்காமல் ஃபைலின் தொடக்கத்திலேயே விட்டுவிடுவது. பாட்டு ஒரு நாகஸ்வர இழுப்பிலோ வசனத்திலோ தொடங்கினால், தூக்கிய கையை இறக்கவும் முடியாமல் ஆடவும் முடியாமல் மொத்தக் கூட்டமும் பத்து நொடி நிற்கும். சிரிப்புக்கான இடம் அதுதான். படங்கள் அதைத் தாண்டிக் குதித்து, நேராக ஆட்டத்துக்குப் போய்விடுகின்றன.

அடுத்தது, இரைச்சலுக்கு நடுவே ஒருவன் ரகசியத்தைக் கத்திச் சொல்லும்போது பாட்டு சட்டென்று நின்று எல்லாருக்கும் கேட்டுவிடும் காட்சி. நல்ல யோசனைதான், ஆனால் பாட்டு ஏன் நின்றது என்று படத்தில் எவருக்கும் தெரியாது. காரணமே தேவையில்லை, இந்த இசைக்குள்ளேயே அந்த இடைவெளி இருக்கிறது. தாளம் முழு பலத்தோடு இறங்குகிற டிராப்புக்கு முன்னால் ஒரு பில்டப் வரும். ஸ்னேர் டிரம் முதலில் அடிக்கு ஒன்று, பிறகு இரண்டு, நான்கு, எட்டு என்று நெருங்கும். பாஸை வடிகட்டி எடுத்துவிடுவார்கள். கேரளப் பக்கம் கோயில் உற்சவம் பார்த்தவர்களுக்கு இந்த வித்தை புதிதல்ல. செண்டையில் வாசிக்கும் பஞ்சாரி மேளம் ஒரு தாளச் சுற்றுக்கு 96 அட்சரம் (எண்ணிக்கை) என்று தொடங்கி 48, 24, 12, 6 என்று பாதி பாதியாகக் குறுகுவதும் இதே கணக்குதான். அங்கே மணிக்கணக்கில் நடப்பது இங்கே கால் நிமிடத்தில் முடிகிறது. நிமிடத்துக்கு 128 அடி என்றால் 32 அடிக்குச் சரியாக 15 நொடி. அதன் முடிவில் பல பாட்டுகளில் 4 அடி மௌனம் விடுவார்கள். கிட்டத்தட்ட 1.9 நொடி. "எனக்குக் கல்யாணம் ஆயிட்டுலே!" என்று கத்துவதற்கு அது தாராளம். கத்தி முடித்ததும் கிக்கும் பாஸும் சேர்ந்து இறங்கும். கேட்டவர்களின் முகத்தை அந்த அடியில் காட்டினால் போதும், பின்னணியில் 'டொய்ங்' தேவைப்படாது. எடிட்டருக்கு ஒரு வார்த்தை: 24 ஃபிரேமில் எடுக்கிற படத்துக்கு 120 அடி வேகம் வசதி, ஓர் அடிக்குச் சரியாக 12 ஃபிரேம். 128 என்றால் அடிக்கு 11.25, நான்கு அடிக்கு ஒருமுறைதான் முழு எண்ணில் விழும். 1998-இல் வந்த 'எ நைட் அட் தி ராக்ஸ்பரி' என்ற ஹாலிவுட் படத்தின் தலையாட்டலை இன்றைக்கும் மீமில் போடுகிறார்களே, அந்தத் தலை கிக்கின் மேல் பிசகாமல் விழுவதால்தான் அது சிரிப்பாகிறது. அரை அடி தள்ளி ஆட்டினால் வெறும் கழுத்துவலி.

பேச்சுச் சத்தத்துக்கு வருகிறோம். நடனத் தளத்தில் 100 டெசிபல் சர்வ சாதாரணம். 2022-இல் உலக சுகாதார நிறுவனம் இசை அரங்குகளுக்கு வைத்த சராசரி உச்சவரம்பே அதுதான். சாதாரணப் பேச்சு 60 சொச்சம். ஆகவே அங்கே பேச வேண்டுமென்றால் காதோடு வாய் வைத்துக் கத்த வேண்டும், பாதி கேட்காது, தலையை மட்டும் ஆட்ட வேண்டும். நம் படத்தில் இரண்டு பேர் பாஸ் பெட்டிக்கு முன்னால் நின்று டீக்கடையில் பேசுவது போல நிறுத்தி நிதானமாகப் பேசுகிறார்கள். காரணம் தெரிந்ததே. அகலமான ஷாட்டில் நாகராவில் (படப்பிடிப்பில் பாட்டை ஒலிக்கவிடும் கருவி) பாட்டு ஓடும், வசன ஷாட்டில் நிறுத்திவிடுவார்கள். அமைதியில் நடிகர் மெதுவாகப் பேசுவார், டப்பிங்கிலும் அதே குரல், கடைசியில் மிக்ஸிங்கில் பாட்டைக் கீழே தள்ளிவிடுவார்கள். இரைச்சலில் குரல் தானாக உயர்ந்து இழுபடுவதை 1911-லேயே லொம்பார்ட் என்ற பிரெஞ்சு மருத்துவர் எழுதிவைத்தார். ஒரே ஒரு ஒத்திகையையாவது முழுச் சத்தத்தில் வைத்தால் நடிகரின் தொண்டைக்கு அது பழகும். டப்பிங்கிலும் ஹெட்போனில் பாட்டைப் பலமாக விட்டுப் பேசவைக்கலாம். ஸ்பாட்டிலேயே ஒலி பிடிக்கிற வெளிநாட்டுப் படங்களில், வசன ஷாட்டுக்கு 30, 40 ஹெர்ட்ஸ் அளவில் வெறும் தாள அதிர்வை மட்டும் பாஸ் பெட்டியில் விடுவார்கள். பின்னால் ஆடுகிறவர்களுக்குத் தாளம் காலில் தெரியும். பேச்சின் குரல் அதற்கு மேலே இருப்பதால், பின்னர் வடிகட்டி எடுத்துவிடலாம்.

பாட்டு நின்றால் 'கிரீச்' என்று ஊசி இழுபடும் சத்தம் வைப்பதையும் விட்டுவிடலாம். அது இசைத்தட்டின் சத்தம். மேசையில் இருப்பது பென்டிரைவ் செருகிய பிளேயர் என்றால், யாராவது அதைப் பிடுங்கும்போது, புதிய மாடல்களில் கடைசி 4 அடி மட்டும் திரும்பத் திரும்ப ஓடிக்கொண்டே இருக்கும். டிஜே வேர்த்துப்போய் இன்னொரு பென்டிரைவைத் தேட, தளத்தில் இருப்பவர்கள் இதுவும் ஒரு ஸ்டைல் என்று நினைத்து ஆடிக்கொண்டே இருப்பார்கள். கரண்ட் போனால் ஒரு சத்தமும் வராது. ஜெனரேட்டர் போட்டதும், ஸ்பீக்கரை ஓட்டுகிற ஆம்பை அணைக்காமல் மிக்ஸருக்குக் கரண்ட் விட்டால்தான் 'டொம்' என்று ஓர் இடி விழும், ஸ்பீக்கர் கூம்பே போகலாம். மிக்ஸர் முதலில், ஆம்ப் கடைசியில். அணைக்கும்போது நேர் தலைகீழ். திரையில் ஹெட்போன் ஒயர் எதிலும் செருகாமல் தொங்குவதைப் பற்றிப் பேச ஆரம்பித்தால் கடிதம் முடியாது.

ஒன்று மட்டும் வருத்தத்தோடு. ஹவுஸ் இசை 80-களில் வளர்ந்தது சிகாகோவில். ஃபிராங்கி நக்கிள்ஸ் இசைத்தட்டு சுழற்றிய 'வேர்ஹவுஸ்' கிளப்பின் பெயரிலிருந்தே அந்த இசைக்குப் பெயர் வந்ததாகச் சொல்வார்கள். அங்கே ஆடியவர்களில் பெரும்பாலோர் கறுப்பின, லத்தீன் இன ஓரினச் சேர்க்கையாளர்கள். வெளியே போக இடமில்லாதவர்கள் கட்டிய தளம் அது. அந்த இசையை ஓடவிட்டு, பப்பில் பெண்மை கலந்த நடையோடு ஒருவரை நடக்கவைத்து, நாயகன் முகம் சுளிப்பதைக் காமெடி என்கிறார்கள். எங்களுக்கு அது சிரிப்பாக இல்லை.

கடைசியாக, நேரம். 2000-ஆம் ஆண்டின் ஒலி மாசு விதிகளின்படி இரவு 10 முதல் காலை 6 வரை பொது இடத்தில் ஒலிபெருக்கி கூடாது. எல்லைக்கு இரண்டு பக்கமும் அதே விதிதான். மூடிய மண்டபத்துக்கு விலக்கு உண்டு. படங்களிலோ கடற்கரையில் விடியவிடிய டிஜே ஓடுகிறது, கேட்க ஒரு போலீஸ்காரர் இல்லை. இரவு 9.50-க்கு டிஜே மேசையைச் சுற்றி மாமன்மார், மச்சான்மார், சம்பந்தி வீட்டார் எல்லாரும் ஆளுக்கொரு போனை நீட்டி, 'இதை மட்டும் போட்டுட்டு நிறுத்துங்க' என்று நிற்கிற அந்தப் பத்து நிமிடத்தை ஏதாவது ஒரு இயக்குநர் எடுக்கட்டும். சவுண்டை நாங்கள் கட்டித் தருகிறோம்.

இங்ஙனம்,
சவுண்ட் சர்வீஸ் நண்பர்கள்,
களியக்காவிளை.