டெல்லி கணேஷ் பற்றி நண்பனுக்கு

அன்புள்ள நண்பா,

நலம். நலமறிய ஆவல். உன் கடிதம் போன வாரமே வந்துவிட்டது. கண் புரைக்கு ஆபரேஷன் ஆகியிருந்ததால் வீட்டில் எதையும் படிக்க விடவில்லை. இப்போது தேவலை.

உன் பேரன் நாடகக் குழுவில் சேர்ந்திருக்கிறான் என்று படித்ததும் மனசு நிறைந்துவிட்டது. ஆனால் தனக்கு எப்போதும் அப்பா வேஷமே வருகிறது என்று சோர்ந்துபோகிறானாமே? அவனை டெல்லி கணேஷ் நடித்த படங்களைப் பொறுமையாகப் பார்க்கச் சொல்.

நம் வல்லநாட்டுக்காரர். 1964-லிருந்து பத்து வருஷம் விமானப்படையில் வேலை. டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவில் நடித்துப் பழகியவர். அப்புறம் சென்னைக்கு வந்து காத்தாடி ராமமூர்த்தி குழுவில் மேடையேறினார். மேடையில் பார்த்துத்தான் பாலசந்தர் 1977-ல் வெளியான ‘பட்டினப்பிரவேசம்’ படத்துக்கு எடுத்துக்கொண்டார். பெயருக்கு முன்னால் ‘டெல்லி’யைச் சேர்த்ததும் அவர்தான். சினிமாவுக்கு வரும்போது கணேஷுக்கு முப்பது தாண்டிவிட்டது. கதாநாயகன் கனவுக்கெல்லாம் அங்கே இடமில்லை. அப்படி வந்தவர் நானூறு படங்களுக்கு மேல் நடித்தார்.

ஐயர் வேஷமா, கூப்பிடு டெல்லி கணேஷை என்று பலர் சொல்வார்கள். எனக்கு அதில் உடன்பாடே இல்லை. ‘நாயகன்’ ஐயரை எடுத்துக்கொள். இந்தி தெரியாத வேலு நாயக்கருக்கு மொழிபெயர்த்துக்கொண்டு கூடவே நிற்கிறார். அந்த முகத்தில் பயமும் இருக்கும், விசுவாசமும் இருக்கும். ‘மைக்கேல் மதன காமராஜன்’ மணி ஐயர் பாலக்காட்டுச் சமையல்காரர். பேச்சின் இழுவையிலேயே ஆள் மாறிவிடுகிறார். ‘அவ்வை சண்முகி’ சேதுராம ஐயரோ பெரிய வீட்டுக் காரியதரிசி, அந்தக் குழைவும் கள்ளத்தனமும் தனி. மூன்றும் கமல் படங்கள், மூன்று பேரும் ஐயர்கள். ஆனால் ஒருத்தர் சாயல் இன்னொருத்தரிடம் இல்லை. நடுவில் 1989-ல் ‘அபூர்வ சகோதரர்கள்’ பிரான்சிஸ் அன்பரசுவாகக் கொலைகாரக் கூட்டத்தில் ஒருவர்! சத்தம் போடாத வில்லன்.

எல்லாவற்றுக்கும் மேலே நான் வைப்பது ‘பசி’. 1979-ல் துரை எடுத்தது. குப்பம்மாவாக நடித்த ஷோபாவுக்குத் தேசிய விருது கிடைத்ததால் எல்லோருக்கும் அந்தப் பெண்தான் ஞாபகம், அது நியாயமும்கூட. ஆனால் அவள் அப்பன் முனியாண்டி, அந்த சைக்கிள் ரிக்‌ஷாக்காரர், அவரைப் பார். இவரா பிற்பாடு பூணூலும் பஞ்சகச்சமுமாக வந்தவர் என்று நம்ப முடியாது. தமிழக அரசு அதற்குச் சிறப்புப் பரிசு கொடுத்தது. உன் பேரன் அலுத்துக்கொள்கிற அதே அப்பா வேஷம்தான்!

‘சிந்து பைரவி’யும் மறக்காமல் பார்க்கட்டும். கச்சேரிக்குக் குடித்துவிட்டு வந்த மிருதங்க வித்வான் குருமூர்த்தி. கதாநாயகனான பாடகர் ஜே.கே.பி. அவரை மேடையேற விடாமல் மிருதங்கமே இல்லாமல் பாடிவிடுகிறார். வித்தை கையில் இருந்தும் வாசிக்க முடியாமல் நிற்கிறவனின் அவமானம் இருக்கிறதே, அதற்கு அவர் பெரிய வசனம் எதையும் நம்பியிருக்கவில்லை. பின்னால் ஜே.கே.பி.யே குடியில் விழும்போது எனக்கு முதலில் நினைவுக்கு வருவது குருமூர்த்தியின் முகம்தான்.

குரலையும் சொல்ல வேண்டும். ‘47 நாட்கள்’ படத்தில் சிரஞ்சீவிக்குத் தமிழில் பேசியவர் இவர். சபா மேடையில் கடைசி வரிசைவரை கேட்கும்படி பேசிப் பழகிய தொண்டை, சினிமாவில் எவ்வளவு அடக்கமாகப் பேசுகிறது என்று கவனிக்கச் சொல். மேடையிலிருந்து வருகிற பையன்கள் முதலில் கற்க வேண்டியது இதைத்தான்.

2024 நவம்பரில், எண்பது வயதில் அவர் போனபோது விமானப்படையினர் வந்து மரியாதை செலுத்தினார்கள். அதை டிவியில் பார்த்து நான் அழுதேன்.

நாடகம் எந்தத் தேதி, எந்த சபா என்று எழுது. டாக்டர் பயணம் செய்யலாம் என்று சொல்லிவிட்டார். பேரனின் அப்பா வேஷத்தை நேரில் வந்து பார்க்கிறேன். உன் முழங்கால் வலிக்கு அந்த எண்ணெய் கேட்டதா இல்லையா, அதையும் மறக்காமல் எழுது.

அன்புடன்,
ராமு