கையால பேசுற பிள்ளைங்களுக்கும் தமிழ்மொழி விழாவுல இடம் வேணும்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

நம்ம சிங்கப்பூர்ல ஏப்ரல் மாசத் தமிழ்மொழி விழா நெருங்குனாலே பிள்ளைங்க தமிழ்ல எழுத மாட்டேங்குறாங்க, வீட்டுல இங்கிலீஷ்தான் ஓடுதுன்னு வாசகர் கடிதங்கள் வரிசையா வரும், நானும் ஒண்ணு விடாம படிப்பேன். அந்தக் கவலை நியாயமானதுதான், நானும் ரெண்டு பிள்ளைங்களைத் தமிழ் பேச வெச்சு வளர்த்தவ, அதுல இருக்குற கஷ்டம் தெரியும். ஆனா இத்தனை வருஷமா நான் படிச்ச கடிதங்கள்ல காது கேக்காத தமிழ்ப் பிள்ளைங்களைப் பத்தி ஒரு வரி கூட பார்த்ததில்ல. பேச்சுப் போட்டி, பட்டிமன்றம், கவிதை வாசிப்பு, கதை சொல்றதுன்னு மாசம் முழுக்க நடக்குது, எல்லாமே வாயும் காதும் இருக்குறவங்களுக்கு. அதைப் பத்திதான் இந்தக் கடிதம், கொஞ்சம் நீளமா போனா பொறுத்துக்கோங்க.

என் அண்ணன் மகளுக்குப் பிறவியிலேயே காது கேக்காது. இப்ப பாலிடெக்னிக்ல படிக்கிறா. இங்கிலீஷ் நல்லா படிப்பா எழுதுவா, சிங்கப்பூர் சைகை மொழியில கூட்டாளிங்களோட மணிக்கணக்கா பேசுவா, வீடியோ கால்ல அவங்க அடிக்கிற அரட்டையைப் பார்த்தா நமக்கே பொறாமையா இருக்கும். ஸ்கூல்ல தாய்மொழிப் பாடத்துல இருந்து விலக்கு கிடைச்சுது, படிப்புச் சுமையைப் பார்த்தா அது சரிதான், நான் குறை சொல்லல. ஆனா அதோட வீட்டுத் தமிழுக்குள்ள அவ நுழையுற வழியும் அடைஞ்சு போச்சு. அவ அப்பா அம்மா பேசுறது தமிழ், பாட்டி பேசுறது தமிழ், தீபாவளிக்கு வர்ற சொந்தக்காரங்க எல்லாரும் பேசுறது தமிழ். காது கேக்காத பிள்ளைங்கள்ல பெரும்பாலானவங்க காது கேக்குற அப்பா அம்மாவுக்குப் பிறக்குறவங்கதான், அதனால எங்க வீட்டுக் கதை எங்க வீட்டோட நிக்கிறது இல்ல.

தீபாவளி அன்னிக்கு சாப்பாட்டு மேசையில அவளைக் கொஞ்சம் கவனிச்சாலே புரியும். ஒருத்தர் வாயைப் பார்ப்பா, அதுக்குள்ள பேச்சு அடுத்தவர் கிட்ட தாவிடும், இவ தலையைத் திருப்புறதுக்குள்ள எல்லாரும் சிரிச்சு முடிச்சிடுவாங்க. உதட்டைப் படிச்சுக்க வேண்டியதுதானேன்னு சிலர் சொல்றாங்க, கண்ணாடி முன்னாடி நின்னு சத்தம் இல்லாம "பணம்" சொல்லுங்க, அப்புறம் "மணம்" சொல்லுங்க, உதடு ரெண்டுக்கும் ஒரே மாதிரிதான் மூடித் திறக்கும். அவ பக்கத்துல இருக்குற பையன் கிட்ட உள்ளங்கையை விரிச்சு என்னன்னு கேப்பா, அவன் வாயில முறுக்கோட "அப்புறம் சொல்றேன்"னு கை காட்டுவான். அந்த அப்புறம் வர்றதே இல்ல.

இதே வீட்டுல என் அம்மாவும் அவளும் பேசிக்கிற அழகைப் பார்க்கணும். அம்மாவுக்கு எழுதப் படிக்கத் தெரியாது, இங்கிலீஷும் தெரியாது, அவளுக்குத் தமிழ் தெரியாது. ரெண்டு பேருக்கும் நடுவுல எழுத்துன்னு ஒண்ணும் கிடையாது. ஆனா அம்மாவுக்கு அவ வெச்சிருக்குற பேரு மூக்குத்தி, மூக்கோரமா ஒரு விரலை வெச்சு எடுத்தா பாட்டின்னு அர்த்தம். செத்துப்போன எங்க அப்பாவுக்குத் தோள்ல துண்டு போடுற மாதிரி ஒரு கை. ரசம் வைக்கிறதை அம்மா அவளுக்குச் சொல்லிக் கொடுத்தது முழுக்க கையாலதான், புளி எவ்வளவுன்னு கட்டைவிரலையும் ஆள்காட்டி விரலையும் சின்ன வளையமாக்கிக் காட்டுனாங்க, நுரை கட்டி வரும்போது ரெண்டு உள்ளங்கையும் மெல்ல மேல எழும்பி சட்டுனு நிக்கும், அதாவது கொதிக்க விட்றாதே இறக்கிடு. இன்னிக்கு எங்க குடும்பத்துல அம்மா கைப்பக்குவத்துல ரசம் வைக்கிறது அவ ஒருத்திதான்.

அப்ப இதுவே போதுமேன்னு தோணும். போதாது சார். ஜாடையில ரசம் வைக்கலாம், அதுக்கு மேல போக முடியாது. எங்க அம்மா ரஜுலா கப்பல்ல வந்தவங்க, நாகப்பட்டினத்துல ஏறும்போது அவங்க அம்மாவை விட்டுட்டு வந்த கதை, அதுக்கப்புறம் அவங்களைப் பார்க்கவே முடியாம போன கதை, இதையெல்லாம் எங்க கிட்ட நூறு தடவை சொல்லியிருக்காங்க. பேத்தி கிட்ட ஒரு தடவை கூட சொல்ல முடியல. போன வருஷம் அவ என் போன்ல டைப் பண்ணிக் கேட்டா, "பாட்டி பழைய படத்தைப் பார்த்தா ஏன் அழறாங்க?" அழுகை அவளுக்குப் புரியுது, அதுக்குப் பின்னாடி இருக்குற கதை அவ கைக்கு வந்து சேரல. அதுக்கு முழுசான ஒரு மொழி வேணும், அந்த மொழி அவ கிட்ட இருக்கு, நம்ம கிட்டதான் இல்ல.

சைகை மொழின்னா சும்மா ஜாடைதானேன்னு நினைக்கிறவங்க நம்ம சமூகத்துல நிறைய பேர், அதனால இதைக் கொஞ்சம் விளக்கமாவே சொல்றேன். என் வீட்டுக்காரர் ஷிப்யார்டுல சிக்னல்மேனா வேலை பார்த்தவர். கிரேன் ஓட்டுறவர் சீனரா இருப்பாரு, கீழ சாமான் கட்டுறவர் பங்களாதேஷ்காரரா இருப்பாரு, இவர் தமிழர். இன்ஜின் சத்தத்துல யார் கத்துனாலும் கேக்காது. முழங்கையை மடக்கி விரலை மேல நீட்டி சின்னதா சுத்துனா தூக்கு, கையைக் கீழ நீட்டி விரலைத் தரையைப் பார்த்து சுத்துனா இறக்கு. இதுல தப்பு நடந்தா உயிர் போகும், நம்ம ஊர்ல இருந்து வந்த எத்தனையோ தம்பிங்க இன்னிக்கும் தினம் கையை நம்பித்தான் வேலை செய்யுறாங்க. ஆனா அந்தக் கையை வெச்சு "நேத்து ராத்திரி ஊர்ல இருந்து போன் வந்துச்சு, மனசே சரியில்ல"ன்னு சொல்ல முடியாது. அது சிக்னல், அவ்வளவுதான்.

பரதநாட்டியத்தையும் சொல்வாங்க. இங்க பாஸ்கர் மாஸ்டர் 1952லயே நடனப் பள்ளி ஆரம்பிச்சார், ஒற்றைக் கை முத்திரை மட்டுமே 28ன்னு அரங்கேற்றம் பண்ண பிள்ளைங்க எல்லாருக்கும் தெரியும். கைக்கு அர்த்தம் உண்டுன்னு நம்ம ஆளுங்களுக்குப் புதுசா சொல்லிக் கொடுக்க வேண்டியதில்ல. ஆனா அது ஒரு கலை, பாட்டோட சேர்ந்து மேடையில வர்றது, அதுல போய் பஸ் ஏன் லேட்டுன்னு யாரும் பேசிக்க மாட்டாங்க.

சைகை மொழி இந்த ரெண்டும் இல்ல. அது மொழி. 1960ல வில்லியம் ஸ்டோக்கின்னு ஒரு அமெரிக்கப் பேராசிரியர் இதை ஆராய்ச்சி பண்ணிக் காட்டுனார், கையோட வடிவம், கை இருக்குற இடம், கை அசையுற விதம், இதுல ஒண்ணு மாறுனாலும் அர்த்தம் மாறும்னு. அமெரிக்க சைகை மொழியில விரிச்ச கையோட கட்டைவிரல் தாடையில பட்டா அம்மா, அதே கை நெத்தியில பட்டா அப்பா. நம்ம தமிழ்ல கல், பல்னு ஓர் எழுத்து மாறுனா பொருள் மாறுற அதே கணக்குதான். அதுல புருவத்துக்குக் கூட இலக்கணம் இருக்கு, புருவத்தைத் தூக்குனா ஆமாவா இல்லையான்னு கேக்குற கேள்வி, சுருக்குனா என்ன ஏது எங்கேன்னு கேக்குற கேள்வி. நிகராகுவாவுல 1970கள் கடைசியில காது கேக்காத பிள்ளைங்களை முதல் தடவையா ஒரே பள்ளிக்கூடத்துல ஒண்ணாச் சேர்த்தாங்க, பாடம் சொல்லித்தந்தவங்களுக்கு சைகை மொழி தெரியாது, பிள்ளைங்க விளையாட்டு இடத்துலயும் பஸ்லயும் தாங்களே கையால பேசிப் பேசி கொஞ்ச வருஷத்துல இலக்கணத்தோட ஒரு புது மொழியே வந்துடுச்சு. இதை நினைக்கும்போதெல்லாம் எனக்குச் சிலிர்க்கும். மனுஷனுக்குப் பேசணும்னு ஒரு தாகம் இருக்கு, வாய் வழியா வராட்டி கை வழியா வந்துடும்.

இப்படிப்பட்ட மொழியை 1880ல மிலான்ல மாநாடு போட்டு பள்ளிக்கூடங்கள்ல இருந்து விரட்டுனாங்க. பிள்ளைங்க வாயால பேசத்தான் கத்துக்கணுமாம். அந்தத் தீர்மானத்தை அதே மாநாட்டுக்காரங்க தப்புன்னு ஒத்துக்கிட்டது 2010ல, இடையில 130 வருஷம், எத்தனை தலைமுறைப் பிள்ளைங்க கையைக் கட்டிக்கிட்டு உக்காந்திருப்பாங்க யோசிச்சுப் பாருங்க.

நம்ம சிங்கப்பூர்ல அந்த விஷயத்துல ஒரு நல்ல கதை இருக்கு, அது தமிழர்களுக்கு அவ்வளவா தெரியல. ஷாங்காய்ல பிறந்து சின்ன வயசுலயே காது கேக்காம போன பெங் சு யிங்ன்னு ஒருத்தர் 1950கள்ல இங்க காது கேக்காத பிள்ளைங்களுக்குப் பள்ளிக்கூடம் ஆரம்பிச்சார். அவரு கார் ரேஸ் ஓட்டுறவராவும் இருந்தாருன்னு கேட்டப்ப நம்பவே முடியல. அவர் கொண்டாந்த ஷாங்காய் சைகை, அப்புறம் வந்த அமெரிக்க சைகை, இங்கயே பிள்ளைங்களுக்குள்ள பிறந்த சைகைன்னு எல்லாம் கலந்ததுதான் இன்னிக்கு இருக்குற சிங்கப்பூர் சைகை மொழி. நம்ம ஊரு சாப்பாடு மாதிரி எல்லார் கையும் பட்டது. பிள்ளைங்க எண்ணிக்கை குறைஞ்சு அந்தப் பள்ளிக்கூடம் 2017ல மூடிட்டாங்க, அடுத்த வருஷத்துல இருந்து மேஃபிளவர் தொடக்கப்பள்ளியில காது கேக்குற பிள்ளைங்களோட சேர்ந்தே படிக்கிறாங்க.

இதையெல்லாம் ஏன் தமிழ்ப் பத்திரிகையில எழுதுறேன்னா, ஒரு தமிழ் நிகழ்ச்சி ஏற்பாட்டாளர் கிட்ட சைகை மொழிபெயர்ப்பாளர் வெப்பீங்களான்னு கேட்டேன், "காது கேக்காதவங்க தமிழ் நிகழ்ச்சிக்கு எதுக்கும்மா வரணும்?"னு பதில் வந்துச்சு. கெட்ட எண்ணத்துல கேக்கல அவர், உண்மையாவே புரியாமதான் கேட்டார், அதுதான் எனக்கு அதிகமா வலிச்சுது. என் அண்ணன் மக தமிழச்சி இல்லையா? பொங்கலுக்கு வாசல்ல கோலம் போடுறவ, தைப்பூசத்துக்கு எங்களோட பால்குடம் எடுத்து நடக்குறவ.

தமிழ்னா எழுத்தும் பேச்சும் மட்டும்தான்னு சொல்றவங்க மேடைக்கு மேடை தொல்காப்பியத்தைத்தான் தூக்கிக் காட்டுறாங்க. அந்தத் தொல்காப்பியத்துலயே எழுத்து, சொல் ரெண்டும் முடிஞ்சப்புறம் பொருள்னு ஒரு அதிகாரம் இருக்கு, அதுக்குள்ள மெய்ப்பாட்டியல்னு தனியா ஒரு இயல். நகை, அழுகை, இளிவரல், மருட்கை, அச்சம், பெருமிதம், வெகுளி, உவகைன்னு மனசுல இருக்குறது உடம்புல எப்படித் தெரியும்னு எட்டா வகுத்து வெச்சிருக்காங்க. முகத்துலயும் உடம்புலயும் தெரியுற அர்த்தத்துக்கு இலக்கணம் எழுதுன மொழி, முகத்தாலயும் கையாலயும் பேசுற தன் பிள்ளைங்களை வெளிய நிக்க விடலாமா?

இதுல இருக்குற சிக்கல் எனக்குத் தெரியும். இங்க சைகை மொழிபெயர்ப்பாளர்கள் பெரும்பாலும் இங்கிலீஷ்ல இருந்துதான் செய்யுறாங்க, தமிழ் தெரிஞ்சவங்க கிடைக்கிறது ரொம்பக் கஷ்டம். அதுக்கும் வழி இருக்கு, தமிழ்ல பேசுறதை ஒருத்தர் காதோரமா இங்கிலீஷ்ல சொல்லச் சொல்ல இன்னொருத்தர் சைகையில மாத்துறது, உலகம் முழுக்க மாநாடுகள்ல நடக்குறதுதான். பேச்சாளர்கள் உரையை ரெண்டு நாள் முன்னாடி கொடுத்துட்டா பாதி வேலை முடிஞ்சுது. பட்டிமன்றத்துல திடீர்னு வர்ற ஜோக் ஒண்ணு ரெண்டு விட்டுப்போகும், பரவாயில்ல, இப்ப மொத்தமுமே விட்டுப்போகுதே. முக்கியமா ஒண்ணு, மொழிபெயர்ப்பாளர் மேல வெளிச்சம் இருக்கணும், கவிதை வாசிக்கும்போது அழகுக்குன்னு அரங்கத்து விளக்கை எல்லாம் அணைச்சிடக் கூடாது.

நிரந்தர வழின்னா தமிழ் தெரிஞ்ச இளையர்கள் சைகை மொழி கத்துக்கணும். காது கேளாதோர் சங்கத்துல யார் வேணும்னாலும் சேரக்கூடிய வகுப்புகள் நடக்குது, நானும் அண்ணியும் போறோம், இந்த வயசுல எனக்கு விரல் மடங்க மாட்டேங்குது, ஆனா கப்பல் கதையில பாதி வரைக்கும் அவளுக்குச் சொல்லிட்டேன். தமிழ் மொழி மன்றங்கள்ல இருக்குற பாலிடெக்னிக், பல்கலைக்கழகப் பிள்ளைங்க பத்து பேர் சேர்ந்தா சில வருஷத்துல தமிழ்ல இருந்தே நேரா சைகைக்கு மாத்துற ஆளுங்க நம்ம கிட்டயே இருப்பாங்க.

அடுத்த ஏப்ரல்ல மாசம் முழுக்க வேணாம், ஒரே ஒரு பட்டிமன்றம், ஒரே ஒரு கதை சொல்ற நிகழ்ச்சி, இந்த ரெண்டுல தொடங்கட்டும். பதிவு செய்யுற ஃபார்ம்ல சைகை மொழிபெயர்ப்பு வேணுமான்னு ஒரு வரி சேர்க்கறதுக்கு காசு செலவாகாது. உங்க பேப்பர் நிகழ்ச்சி அறிவிப்பு போடும்போது இடம், நேரம் போடுற மாதிரி சைகை மொழிபெயர்ப்பு உண்டா இல்லையான்னும் போடுங்க, அது இருக்குற நிகழ்ச்சிக்கு எங்க வீட்டுல இருந்து அம்மாவையும் சேர்த்து அஞ்சு பேர் வர்றோம்.

இப்படிக்கு
ஈசூன் வாசகி