கண்ணாடி மேல் வெள்ளைக்கல்

சேலம்

அன்பு நண்பா,

உன் கடிதம் கிடைத்தது. அம்மாவின் முழங்கால் வலி குறைந்திருப்பது அறிந்து நிம்மதி அடைந்தேன். இங்கே அனைவரும் நலம்.

ஓய்வு பெற்றபின் பொழுது எப்படிப் போகிறது என்று கேட்டிருந்தாய். அடியில் விளக்கெரியும் கண்ணாடியின்மேல் நம் ஊர்ச் சுரங்கத்து வெள்ளைக்கல் (மேக்னசைட் கனிமம்) பொடியைத் தூவி, விரலாலும் தூரிகையாலும் ஒதுக்கி ஒதுக்கி, சேர்வராயன் மலையடிவாரத்துக் கரடு ஒன்றை, அதாவது சிறு குன்றை, அசைவூட்டப் படமாக எடுத்துவருகிறேன். அசைவூட்டக் கலைஞர் கரோலின் லீஃப் 1969இல் மணலைக் கொண்டு செய்த முறைதான் இது. மணலுக்குப் பதிலாக நம் ஊர்ப் பொடி. வெயிலில் கண் கூசவைக்கும் அந்த வெள்ளை, கீழிருந்து வெளிச்சம் வரும்போது கரியைப்போல் கறுத்துத் தெரிந்ததைக் கண்டு முதல் நாள் வெகுநேரம் கை ஓடாமல் அமர்ந்திருந்தேன்.

இம்முறையில் ஒரு படத்தைக் கலைத்தால்தான் அடுத்த படம் பிறக்கும். நொடிக்கு 12 படங்கள் என்றால், நான்கு நிமிடங்களுக்கு 2,880 படங்கள். காகிதத்தில் வரைந்திருந்தால் கட்டுக்கட்டாக ஓவியங்கள் மிஞ்சியிருக்கும், இங்கோ கேமராவில் பதிந்தது போக ஒரு பிடிப் பொடிதான் மிச்சம். வெட்டியெடுத்த கரட்டைப் பற்றிச் சொல்ல இதைவிடப் பொருத்தமான முறை எனக்குத் தெரியவில்லை.

முதலில் மண்வாரி இயந்திரத்தை அரக்கனாகத்தான் வரைந்தேன். பிறகு அழித்துவிட்டேன். அப்பா அந்தச் சுரங்கத்தில் வாங்கிய கூலியில்தானே நான் படித்தேன்? கனடா அசைவூட்டக் கலைஞர் ஃப்ரெடெரிக் பேக் 1981இல் எடுத்த 'கிராக்' படத்தில், வெட்டப்பட்ட மரம் ஆடும் நாற்காலியாகி ஒரு குடும்பத்தையே தாலாட்டும். ஆலைகளும் நகரமும் அதன்பிறகே வரும். கோடரியை அவர் வெறுக்கவில்லை. ஆகவே என் படத்திலும் அதே பிடிப் பொடி கரடாக இருந்து சரிந்து, உலையின் உட்சுவர்ச் செங்கலாகி, உருக்கிய இரும்பாகி, ஏற்காட்டுக்கு 20 கொண்டை ஊசி வளைவுகளில் ஏறும் பேருந்தாகிறது. இடையில் காட்சி வெட்டே இல்லை.

'கிராக்' படத்தை எடுக்கும்போது, ஓவியத்தின்மேல் தெளிக்கும் இரசாயனத்தால் பேக் ஒரு கண்ணின் பார்வையை இழந்தார். நான் மூக்கில் துணி கட்டிக்கொண்டே வேலை செய்கிறேன். அப்பாவுக்கு அந்தத் துணியைக்கூட எவரும் கொடுக்கவில்லை. தலைமுதல் கால்வரை வெளுத்து அவர் வீடு திரும்புவதை நீயும் பார்த்திருக்கிறாய்.

முடிவுக் காட்சியில் பொடியை மீண்டும் கரடாகக் குவித்துப் பார்த்தேன். பொய்யாகப் பட்டதால் கலைத்துவிட்டேன். ஒலிதான் இன்னும் பாக்கி. பாறைக்கு வெடி வைக்குமுன் ஊதிய சங்கு எத்தனை முறை ஊதும்? எனக்கு மூன்று என்று நினைவு. உனக்கு நினைவிருந்தால் எழுது.

உன் அன்பு நண்பன்