உறக்கத்தைத் தள்ளிவைத்த அண்ணனுக்கும் உடனிருந்த அனைவருக்கும்

அன்புடையீர்,

சென்ற ஞாயிற்றுக்கிழமை மாலை என் பரதநாட்டிய அரங்கேற்றம் நல்லபடியாக நிறைவேறியது. தொடக்க உருப்படியான அலாரிப்பில் தொடங்கி, நீண்ட உருப்படியான வர்ணத்தைக் கடந்து, நிறைவில் வரும் தில்லானா வரை ஆடி முடித்தேன். இப்படியொரு வரியை எழுதுவேன் என்று முன்பு யாராவது சொல்லியிருந்தால் நான் நம்பியிருக்க மாட்டேன்.

இருபது வயதைக் கடந்து, கையில் சலங்கை வாங்கக்கூடப் பணமில்லாமல் வந்து நின்றவளைச் சேர்த்துக்கொண்டு, கட்டணத்தை ஒருநாளும் கேட்டு வாங்காத என் ஆசிரியைக்கும், பாட்டும் மிருதங்கமும் வயலினுமாகத் துணைநின்ற கலைஞர்களுக்கும், வகுப்பு உள்ள நாட்களில் ஒன்றரை ஷிப்டுக்கு நிறுத்திவைக்காமல் மாலையிலேயே அனுப்பிவைத்த சூப்பர்வைசருக்கும், என் பங்கு பீஸ்களைத் தங்கள் மிஷினில் ஓட்டிக்கொடுத்த ஓவர்லாக் அக்காக்களுக்கும் (ஓவர்லாக் என்பது துணியின் விளிம்பைத் தைக்கும் மிஷின்), ஒரு பட்டுச் சேலையை வெட்டி, விசிறி மடிப்பு வைத்து, ஆடையாகத் தைத்துத் தந்த தோழிகளுக்கும் என் நெஞ்சார்ந்த நன்றி. சனிக்கிழமைச் சம்பளத்திலிருந்து எடுத்துக்கொடுத்தவர்கள் தங்கள் பெயரை எழுதக்கூடாது என்று கேட்டுக்கொண்டதால் எழுதவில்லை.

ஒருவரைப் பற்றி மட்டும் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும். அவர் வரிசையாக அறைகள் உள்ள எங்கள் லைன் வீட்டில் அடுத்த அறையில் குடியிருக்கும் அண்ணன். நிட்டிங் கம்பெனியில் இரவு வேலை பார்த்துவிட்டு, விடிந்ததும் வந்து படுப்பவர். இரண்டு அறைகளுக்கும் இடையில் இருப்பது ஒற்றைக்கல் சுவர். வேலைக்குக் கிளம்புவதற்கு முன் கிடைக்கும் அந்தக் காலை நேரத்தை விட்டால் எனக்குப் பயிற்சி செய்ய வேறு நேரமில்லை. காலைத் தரையில் தட்டிப் பழகும் அடிப்படை அடவான தட்டடவில் உள்ளங்கால் முழுவதும் தரையில் பதிந்து ஓசை எழ வேண்டும். மிக வேகமாக ஆடும் மூன்றாம் காலத்தில் ஒவ்வொரு தட்டும் தனித்தனியாகக் கேட்க வேண்டும். அவர் உறங்குகிறார் என்ற எண்ணத்தில் தரையில் சாக்கை விரித்து, சலங்கையைக் கட்டாமல், காலை மெல்ல வைத்தே நான் பழகிவந்தேன். முழங்காலை மடித்து அரைமண்டியில் நான் நிற்பதைப் பார்த்து வகுப்பில் ஆசிரியை, "அரைமண்டி சரியாக இருக்கிறது, ஆனால் காலில் ஓசை இல்லையே" என்று வருந்துவார்.

ஒருநாள் அந்த அண்ணன் வாசலில் நின்று, "அம்மிணி, ராத்திரி பூரா மிஷின் சத்தத்துல நிக்கறவன் நான், எனக்கு இதெல்லாம் ஒரு சத்தமே இல்லை, நல்லா மிதிச்சு ஆடு" என்று சொல்லிவிட்டுப் போனார். அவர் சொன்னதை அப்படியே நம்பி, அன்று முதல் சாக்கை எடுத்துவிட்டுச் சலங்கை கட்டி ஆடினேன். ஓசை வந்தது. வர்ணத்தின் தீர்மானங்களை, அதாவது தாளக்கட்டோடு வரும் அடவுக் கோவைகளை, முழுக்காலால் தட்டி ஆடும் துணிவும் அதோடு வந்தது. ஆனால் அன்று முதல் நான் வேலைக்குக் கிளம்பும் வரை அவர் வீட்டுக்கே வராமல் முனையிலுள்ள டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்திருப்பார் என்பதை, அரங்கேற்றம் முடிந்த இரவில்தான் அவருடைய மனைவி என்னிடம் சொன்னார். இரவெல்லாம் நின்று வேலை பார்த்தவர், தம் உறக்கத்தைத் தள்ளிவைத்துக்கொண்டு, அதை நான் அறியாமலும் பார்த்துக்கொண்டார். கேட்டதிலிருந்து எனக்கு மனம் ஆறவில்லை.

சிலப்பதிகாரத்தின் அரங்கேற்று காதையை எங்கள் ஆசிரியை பாடம் சொன்னபோது, ஐந்து வயதில் தொடங்கி ஏழாண்டு பயின்று பன்னிரண்டு வயதில் மாதவி மேடையேறியதைக் காட்டிலும், அவளுக்குத் துணைநின்றவர்களை இளங்கோவடிகள் வரிசைப்படுத்திய விதமே என்னைக் கட்டிப்போட்டது. ஆடலாசிரியன், இசையாசிரியன், கவிஞன், தண்ணுமை என்ற தோல்கருவியை முழக்கும் தண்ணுமையோன், குழலோன், யாழாசிரியன் என்று ஒவ்வொருவரின் திறத்தையும் நின்று நிதானித்துச் சொல்லி, அரங்கின் அளவையும் கூறிய பிறகே அவளுடைய ஆட்டம் வருகிறது. என் அரங்கேற்ற அழைப்பிதழிலும் பக்கவாத்தியம் வரை எல்லோர் பெயரும் இருந்தது. அண்ணனின் பெயர் இல்லை. அவர் செய்தது என்னவென்று தெரிந்திருந்தால் அதை ஆசிரியையின் பெயருக்கு அடுத்த வரியில் அச்சிட்டிருப்பேன்.

எங்கள் லைனில் இருக்கும் சிறுமிகள் இப்போது வாசலில் நின்று என் அடவுகளைப் போட்டுப் பார்க்கிறார்கள். ஆசிரியையின் அனுமதியோடு, கட்டணம் எதுவுமின்றி, அவர்களுக்கு ஞாயிறுதோறும் தட்டடவு சொல்லிக்கொடுக்கப் போகிறேன். பெற்றோர் யாரும் பிள்ளைகளிடம் மெல்ல மிதிக்கச் சொல்ல வேண்டாம். வகுப்பு எத்தனை மணிக்கு என்பதை மட்டும், அந்த அண்ணன் உறங்கி எழும் நேரத்தை அவர் மனைவியிடமே கேட்டுக்கொண்டு, பிறகு தெரிவிக்கிறேன்.

நன்றியுடன்,
உங்கள் ஓவர்லாக் தங்கை,
திருப்பூர்