இரண்டு சம்மாட்டிமாரின் கணக்கு

உப்புவெளி,
திருகோணமலை.

அன்பு மகளுக்கு,

உன் தரம் 9 பிள்ளைகளின் கொப்பிப் படங்களை ஒவ்வொன்றாகப் பார்த்தேன். சமன்பாட்டில் தெரியாக் கணியம் (எழுத்தால் குறிக்கும், மதிப்புத் தெரியாத எண்) ஒரு பக்கத்தில் மட்டும் இருக்கும்வரை விடை சரியாகவே வருகிறது. இரண்டு பக்கமும் வந்ததும் தடுமாறுகிறார்கள். ஒரு பிள்ளை 4அ = 12 வரைக்கும் ஒழுங்காக வந்துவிட்டு, அடுத்த வரியில் அ = 12 − 4 என்று எழுதி, 8 இன் கீழ் இரண்டு கோடும் இழுத்திருக்கிறது. அதைக் கோபிக்காதே. ‘அந்தப் பக்கம் போனால் குறி மாறும்’ என்று யாரோ சொல்லிக்கொடுத்ததை அப்படியே செய்திருக்கிறது.

அந்த வாசகத்தைக் கொஞ்சக் காலம் வகுப்புக்குள் விடாதே, மகள். எந்த எண்ணும் சமன் குறியைத் தாண்டிப் போவதில்லை. இரண்டு பக்கத்துக்கும் ஒரே காரியத்தைச் செய்கிறோம், அவ்வளவுதான்.

நான் படிப்பித்த காலமெல்லாம் சொன்ன கணக்கைச் சொல்கிறேன். நம் கரையில் கரைவலைச் சம்மாட்டிமார், அதாவது வலையின் சொந்தக்காரர், இருவர். ஒருவரிடம் 7 பெட்டி சூடை மீனும் 2000 ரூபாயும் இருக்கின்றன. மற்றவரிடம் 3 பெட்டியும் 14,000 ரூபாயும். பெட்டிக்கு ஒரே விலை. இருவர் கையிருப்பும் சமம்.

7ப + 2000 = 3ப + 14,000

இருவரிடமிருந்தும் 3 பெட்டியை எடுத்துவிடு, சமம் குலையாது. 4ப + 2000 = 14,000. இருவரிடமும் 2000 ரூபாயை வாங்கிக்கொள். 4ப = 12,000. நாலு பெட்டி இந்த விலையென்றால் ஒரு பெட்டி என்ன விலை என்று கேட்டுப் பார். வகுக்க வேண்டுமென்று பிள்ளைகளே சொல்வார்கள். கழிக்க ஒருவருக்கும் தோன்றாது. விடை 3000. கையோடு சரிபார்க்க வை: இரு பக்கமும் 23,000.

‘ப’ என்பது பெட்டி அல்ல, பெட்டியின் விலை. அது ஓர் எண். இதை முதல் நாளே சொல்லிவிடு. எழுத்தைப் பொருளாக நினைத்துப் பழகிய பிள்ளை, பிறகு 7ப + 2000 ஐ 2007ப என்று சேர்த்துவிடும்.

கணக்கின் கரு பழையது. ஆரியபடர் 499 இல் எழுதிய ஆரியபடீயத்தில், சமமான செல்வமுள்ள இருவருக்கு இதே விதி இருக்கிறது: பணத்தின் வித்தியாசத்தைப் பொருள்களின் எண்ணிக்கை வித்தியாசத்தால் வகுத்தால் ஒரு பொருளின் விலை. 12,000 ஐ 4 ஆல் வகுத்தோமே, அதுதான். சம்மாட்டிமாரும் சூடையும் மட்டும் என்னுடையவை.

தராசுப் படம் வரைந்து காட்டுவதாக எழுதியிருந்தாய். தொடக்கத்துக்கு நல்லது. ஆனால் 5ப − 6000 என்று வந்ததும் தட்டில் எதை வைப்பாய்? சம்மாட்டிக்குக் கடன் இருக்கலாம். பழைய இந்தியக் கணித அறிஞர் பிரம்மகுப்தரே 628 இல் நேர் எண்களைச் செல்வம் என்றும் மறை எண்களைக் கடன் என்றும்தான் எழுதினார். ஆகவே இதைக் கொடு:

2ப + 9000 = 5ப − 6000

இரண்டாமவரின் கடனை அடைக்க 6000 ரூபாய் கொடுக்கிறோம். சமம் குலையாதிருக்க முதலாமவருக்கும் 6000 கொடுத்தாக வேண்டும். கழித்தலாக இருந்தது மறுபக்கத்தில் கூட்டலாக ஏன் தோன்றுகிறது என்பது இந்த இடத்தில்தான் பிள்ளைகளுக்கு வெளிக்கும், அவசரப்படாமல் நில். 2ப + 15,000 = 5ப. அடுத்து, குறைந்த பெட்டி உள்ள பக்கத்தைப் பார்த்து 2ப ஐ எடுக்கச் சொல். 5ப ஐ எடுத்தாலும் பிழையில்லை, ஆனால் −3ப வந்து வீணாக மிரட்டும். 15,000 = 3ப; ஒரு பெட்டி 5000. ‘ப’ வலது பக்கத்தில் நிற்பதைப் பார்த்துச் சிலர் பயப்படுவார்கள். எந்தப் பக்கம் நின்றால் என்ன?

தேறியவர்களுக்கு 3ப + 4000 = 3ப + 9000 ஐப் போடு. மூன்று பெட்டியையும் எடுத்தால் 4000 = 9000 என்று நிற்கும். பிழைவிட்டோமென்று நினைத்து இறப்பரைத் தேடுவார்கள், அழிக்கவிடாதே. பெட்டிக்கு எந்த விலை வைத்தாலும் இந்த இருவரும் சமமாக மாட்டார்கள் என்பதை அவர்கள் வாயாலேயே வரவழை.

அடைப்புக்குறிக் கணக்குகளை இப்போது தொடாதே. 10 − (ப − 3) போன்றவற்றுக்கு வேறு வழி வைத்திருக்கிறேன், அடுத்த கடிதத்தில் எழுதுகிறேன். மலைநாட்டுக் குளிர் உனக்குப் புதிது. காலையில் காதை மூடிக்கொண்டு போ.

அன்புடன்,
அம்மா